‘தண்ணீர் வற்றிவிட்டது’ என்று மனு எழுதாதீர்கள்

வேலூர் சத்துவாச்சாரி கலெக்டர் ஆபீசுக்குத் திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்துக்கு வருகிறவர்களுக்கு மனு எழுதிக் கொடுப்பது என் பிழைப்பு. கோடை வந்தால் அணைக்கட்டு, கே.வி.குப்பம், குடியாத்தம் பக்கத்து ஆட்கள் சொல்வதெல்லாம் ஒன்றுதான்: “பக்கத்து நிலத்துக்காரன் ஆயிரம் அடிக்குப் போர் போட்டுட்டான், எங்க கிணறு வத்திப் போச்சு, நடவடிக்கை எடுங்க.”

இதை மட்டும் வைத்து எழுதினால் மனு நிற்காது. 1882-ம் ஆண்டு வசதியுரிமைச் சட்டம் இன்னும் உயிரோடு இருக்கிறது. நிலத்துக்கடியில் தனி வாய்க்காலாக ஓடாமல் பரவிக் கிடக்கும் நீரை, தன் எல்லைக்குள் எடுத்துக்கொள்வது நிலத்துக்காரரின் உரிமை என்கிறது அது. தமிழ்நாட்டில் 2003-ல் நிலத்தடி நீருக்கென்று ஒரு சட்டம் போட்டார்கள்; 2013-ல் அதையும் ரத்து செய்துவிட்டார்கள். சிலர் 1996-ன் சுப்ரீம் கோர்ட் தீர்ப்பைச் சொல்லிக்கொண்டு வருவார்கள். நம் ஊர்ப் பெயரிலேயே இருக்கிற பெரிய தீர்ப்புதான், ஆனால் அது தோல் தொழிற்சாலைக் கழிவைப் பற்றியது. போர் தகராறுக்கு அதை இழுத்துப் பயனில்லை.

ஆகவே தண்ணீரை விட்டுவிட்டு அனுமதியையும் நிலத்தையும் பிடிக்க வேண்டும்.

ஊராட்சிப் பகுதியில் போர் போட ஊராட்சியின் அனுமதி வேண்டும், போர் போடும் வண்டியும் பதிவு பெற்றிருக்க வேண்டும் என்று 2015 விதிகள் சொல்கின்றன. குழந்தைகள் போர்க் குழியில் விழுந்து சாவதைப் பார்த்து சுப்ரீம் கோர்ட் 2010-ல் தந்த உத்தரவுப்படி, 15 நாள் முன்னாலேயே அதிகாரிகளுக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும், வேலை நடக்கும் இடத்தில் போர்டும் வேலியும் வைக்க வேண்டும். நம் பக்கத்தில் அந்த போர்டை எங்கே பார்த்தீர்கள்? வண்டி நம்பர் தெரிகிற மாதிரி ஒரு போட்டோ எடுத்து, பி.டி.ஓ.வுக்கும் (வட்டார வளர்ச்சி அலுவலர்) தாசில்தாருக்கும் மனு போடுங்கள். போட்டுவிட்டு மூடாமல் விட்ட குழி என்றால் கோட்டாட்சியரிடமும் போகலாம். பொதுத் தொல்லையை அகற்ற உத்தரவிடும் அதிகாரம் அவருக்கு உண்டு.

ஓடைப் புறம்போக்கிலோ ஏரிக்குள்ளோ போட்டிருந்தால் வேலை சுலபம். நிலத்தின் அளவும் எல்லையும் காட்டும் சர்வே வரைபடமான புலப்படத்தை வைத்து சர்வே எண்ணைக் காட்டினால் 1905 ஆக்கிரமிப்புச் சட்டத்தில் நோட்டீஸ் போகும்.

சிக்கல், பல பேருக்குப் பங்குள்ள கூட்டுக் கிணற்றில்தான். போன கோடையில் அணைக்கட்டுப் பக்கத்து அம்மா ஒருவர் மஞ்சப் பையில் பழைய பாகப்பிரிவினைப் பத்திரம் கொண்டுவந்தார். மடிப்பில் கிழிந்து, பின்னால் செலோ டேப் ஒட்டியது. ‘மேற்படி கிணற்றில் நாலில் ஒரு பங்கும், முறைப்படி இறைத்துக்கொள்ளும் பாத்தியமும்’ என்று தெளிவாக இருந்தது. இன்னொரு பங்காளி யாரையும் கேட்காமல் கிணற்றுக்குள் மிஷினை இறக்கி, அடிப்பாறையில் சைடு போர், அதாவது பக்கவாட்டில் துளை, போட ஆரம்பித்திருந்தார்.

“வேற யாருமில்லீங்க, என் கொழுந்தனார்தான். பேரைப் போடணுமா?”

“போட்டாத்தாம்மா மனு.”

ஆனால் அதை நான் மனுவாக எழுதவில்லை. பங்காளிகளுக்குள் உரிமையைத் தீர்க்கக் கலெக்டருக்கு அதிகாரம் கிடையாது, அது சிவில் கோர்ட் வேலை. இன்னொருவருக்கும் பாத்தியப்பட்ட கிணற்றில் சம்மதமில்லாமல் துளை போட்டால் இடைக்கால உறுத்துக்கட்டளை, அதாவது வழக்கு முடியும்வரை வேலையை நிறுத்தி வைக்கும் தடை, கேட்கலாம். வக்கீலுக்குப் பணம் இல்லை என்றார். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு என்று சொல்லி, சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்கு அனுப்பினேன். தடை கிடைத்தது; வழக்கு இன்னும் ஓடுகிறது, கொழுந்தனார் பேசுவதில்லையாம்.

எதுவானாலும் வண்டி இறங்குவதற்கு முன்னால் வாருங்கள். ராத்திரி கம்பி இறக்கினால் விடிவதற்குள் கம்ப்ரசர் போட்டு மண்ணைத் தள்ளிவிட்டுக் கிளம்பிவிடுவார்கள். அதற்கப்புறம் தடை கேட்டு என்ன புண்ணியம்?

அப்புறம், மனு கொடுத்தால் ரசீது வாங்காமல் நகராதீர்கள். பதில் வரவில்லையென்றால் அந்த நம்பரைப் போட்டுத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்கலாம், 30 நாளில் சொல்லியாக வேண்டும். அதற்கும் நான் எழுதித் தருகிறேன், கூலி அதேதான்.