மதகு ஷாட்

கதை, கேமரா, எடிட்டிங், பரோட்டா வாங்கி வருவது வரை என் குறும்படத்தில் எல்லாமே நான்தான். சோறு போடுவது கல்யாண வீடியோ. முகூர்த்தம் இல்லாத நாளில்தான் சொந்தப் படம்.

போன ஞாயிறு கிருஷ்ணகிரி அணைப் பக்கம் ஷூட்டிங். விடியற்காலை வெளிச்சம் அருமை, ஆனால் மைக்கில் வெறும் காற்று. ஹெட்போன் மாட்டாதது என் தப்பு.

அப்போதுதான் அமெரிக்க இயக்குநர் ராபர்ட் ரோட்ரிகஸ் நினைவு வந்தது. 1992-இல் வந்த முதல் படத்தைச் சுமார் 7,000 டாலரில் எடுத்தவர். எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு எல்லாம் அவரே. மருந்துப் பரிசோதனைக்கு உடம்பைக் கொடுத்துச் சம்பாதித்த பணமும் அதில் உண்டு (எனக்கு அவ்வளவு தைரியம் கிடையாது). கேமராவோடு சேர்த்து ஒலி எடுக்க வழியில்லை. அதனால் காட்சி எடுத்த கையோடு நடிகர்களை மறுபடி பேசவைத்துத் தனியாகப் பதிவு செய்தார். உதட்டசைவு விலகினால் சட்டென்று வேறு ஷாட்டுக்குத் தாவிவிடுவார்.

சரி என்று நானும் படத்தில் நடித்த மாமாவை மோட்டார் கொட்டகையில் உட்காரவைத்து, கம்பளியைப் போர்த்தி, செல்போனில் பதிவு செய்தேன்.

"ஏண்டா, படம் எடுக்கிறியா, வேது பிடிக்கிறியா?" என்றார்.

நாலு வசனம் ஒட்டவே இல்லை. அங்கெல்லாம் அணை மதகைக் காட்டிவிட்டேன்.