ஏரி காத்த ராமரும் பிளேஸ் துரையும்

2015 டிசம்பர் மழையில் அம்மா நேர்ந்துகொண்ட புடவையை இந்த வருடம்தான் மதுராந்தகம் ஏரி காத்த ராமர் கோயில் தாயாருக்குச் சாத்த முடிந்தது. நடுவில் கொரோனா, அப்புறம் அம்மாவுக்கு முட்டி ஆபரேஷன், ஏதாவது ஒன்று வந்துகொண்டே இருந்தது.

அம்மா பிறந்த ஊர் மதுராந்தகம் ஏரிப் பாசனம். அந்த மழையின்போது அம்மா மாமா வீட்டில் இருந்தாள். நான் சென்னையில் தண்ணீருக்கு நடுவே மாட்டிக்கொண்டு, கரை என்ன ஆகுமோ என்று போனில் அழாத குறை. "ராமர் கரையில நிக்கிறார்டா, நீ தூங்கு" என்றாள். அதன் பிறகு லைன் கிடைக்க இரண்டு நாள் ஆனது.

சனிக்கிழமை போனது எங்கள் தப்பு. செங்கல்பட்டு தாண்டும் வரை வண்டி நகரவே இல்லை. கோயில் வாசலில் இறங்கினால் ஒருவர் தட்டை நீட்டி, இதை வாங்கினால்தான் அர்ச்சனை செய்வார்கள் என்று அம்மாவின் கையைப் பிடித்து இழுக்கிறார். வாக்கர் வைத்து நடக்கிற மனுஷியிடம் இப்படியா? எனக்குக் கோபம் தாங்கவில்லை. அம்மாதான் "விடுடா, பெருமாள் பார்த்துப்பார்" என்று உள்ளே நடந்தாள்.

சின்ன வயதில் எங்களுக்குச் சோறு ஊட்டும்போது அம்மா சொன்ன கதைகளில் பிளேஸ் துரையும் உண்டு. பிற்பாடு நானே அவரைப் பற்றித் தேடித் தேடிப் படித்தேன். லியோனல் பிளேஸ், 1794 முதல் 1798 வரை கும்பினி (கிழக்கிந்தியக் கம்பெனி) ஜாகீரின் கலெக்டர். ஜாகீர் என்பது 1763-ல் ஆற்காடு நவாப் கும்பினிக்குக் கொடுத்த பூமி, பிற்பாடு செங்கல்பட்டு ஜில்லா ஆனது. 1780-ல் ஹைதர் அலி படையெடுப்பில் ஊர்கள் காலியாகி, ஏரிகள் தூர்ந்து கிடந்த சீமை அது. வரி வசூலில் அவர் கறாரானவர். பூந்தமல்லிப் பக்கத்து மிராசுதார்கள் எதிர்த்து நின்றபோது அவர்களின் நிலத்தை வேறு ஆட்களுக்கு மாற்றிக் கொடுத்தவர். ஏரி நிறைந்தால்தான் விளைச்சல், விளைந்தால்தான் வரி, அதனால் கரைகளைப் பழுது பார்ப்பதில் விடாப்பிடியாக இருந்தார். காஞ்சிபுரம் கோயில் நிர்வாகத்திலும் கைவைத்தார், உற்சவங்கள் ஒழுங்காக நடக்க வேண்டும் என்று நின்றார். 1799-ல் அவர் கொடுத்த நீளமான அறிக்கையைச் சரித்திரம் எழுதுகிறவர்கள் இன்றும் புரட்டுகிறார்கள். இவ்வளவு கணக்குப் பார்த்த மனிதரை ராமர் ஒரே ராத்திரியில் ஆட்கொண்டார் என்பதை நினைத்தால் எனக்கு இப்போதும் சிலிர்க்கிறது.

வருஷா வருஷம் உடைகிற கரை. தாயார் சன்னதிக்குச் சேர்த்த பணத்தை ஏரிக்குக் கொடுக்கலாமே என்று துரை கேட்டாராம். ராமர் கரையைக் காப்பார் என்றார்கள் கோயில்காரர்கள். அப்படிக் காத்தால் சன்னதியை நானே கட்டித் தருகிறேன் என்றார். அடுத்து வந்த அடைமழையில் இன்றைக்குக் கரை போய்விடும் என்று ராத்திரி போய்ப் பார்த்தால், வில்லும் அம்புமாக இரண்டு பேர், அவ்வளவு தேஜஸோடு, கரைமேல் நடக்கிறார்கள். துரை அந்தச் சேற்றிலேயே மண்டியிட்டார். கரை உடையவில்லை. 1795 என்றும் 1798 என்றும் சொல்கிறார்கள், எந்த வருஷமாக இருந்தால் என்ன!

உள்ளே, சீதையின் கையைப் பிடித்தபடி ராமர். அந்தக் கையைப் பார்த்ததும் எதற்காக வந்தோம் என்பதே மறந்துவிட்டது. பின்னால் "நகருங்க, நகருங்க" என்று சத்தம். அம்மா நகரவில்லை. வாக்கரை விட்டுவிட்டு இரண்டு கையையும் கூப்பி, "அன்னிக்கு நின்னியேப்பா" என்றாள், அவ்வளவுதான். நெரிசலில் யார் என்ன சொன்னார்கள் என்று எனக்குத் தெரியாது, நான் அழுதுகொண்டிருந்தேன். பட்டர் எங்களைத் தள்ளாமல் தீர்த்தம் கொடுத்து, சடாரி வைத்து, அம்மாவின் கையில் துளசியை அழுத்திக் கொடுத்தார். அவர் நன்றாக இருக்க வேண்டும்.

ராமானுஜருக்குப் பெரிய நம்பிகள் பஞ்ச சமஸ்காரம் என்கிற வைஷ்ணவ தீட்சை செய்துவைத்த தலம் இது. இங்கே உடையவர், அதாவது ராமானுஜர், வெள்ளை உடுத்தியிருப்பார். சேவித்துவிட்டு ஜனகவல்லித் தாயார் சன்னதிக்குப் போனோம். கும்பினி ஜாகீர் கலெக்டர் லியோனல் பிளேஸ் துரையின் தர்மம் என்று கல்லில் தமிழில் வெட்டியிருக்கிறது. அம்மாவுக்குக் கண் சரியாகத் தெரியாது. என்னை வாசிக்கச் சொல்லிக் கேட்டாள், பிறகு இன்னொரு தரம் வாசிக்கச் சொன்னாள்.

"எந்தச் சீமையிலயோ பிறந்தவரு. இங்க வந்து இதைப் பண்ணணும்னு இருந்திருக்கு பாரு."

அரக்குச் சிவப்பில் மாம்பழ நிறக் கரை போட்ட புடவை. தாயாருக்குச் சாத்தித் திரை விலகியபோது அம்மா என் தோளைப் பிடித்த பிடி இன்னும் வலிக்கிற மாதிரி இருக்கிறது. பத்து வருஷம் தாமதமாக வந்ததற்கு ஒரு முகச்சுளிப்பு இல்லை தாயாரிடம், சிரித்துக்கொண்டே வாங்கிக்கொண்டாள்.

திரும்பும்போது ஏரிக்கரை ஓரம் வண்டியை நிறுத்தச் சொன்னாள். இறங்க முடியவில்லை. கண்ணாடியை இறக்கி, பட்டர் கொடுத்த துளசியில் பாதியைக் கரைப்பக்கம் போட்டுவிட்டு, மீதியை மாமாவுக்கு என்று முந்தானையில் முடிந்துகொண்டாள்.