பெரியம்மா வீட்டுச் சுவர்

ஜூலை 6, ஞாயிறு

யாழ்ப்பாணத்து நல்லூரில் பெரியம்மாவின் வீட்டை இன்று ஆறுதலாகச் சுற்றிப் பார்த்தேன். நாற்சார் வீடு. நடுவில் முற்றம், அதைச் சுற்றித் தாழ்வாரம். உச்சி வெயிலிலும் உள்ளே குளிர்மைதான். முற்றத்துச் சூடு மேலே எழும்ப, விறாந்தைப் பக்கத்தால் காற்று உள்ளே வருகிறது. கூரையின் கைமரம், சிலாகை எல்லாம் வயிரம் பாய்ந்த பனை. கறையான் கிட்டவும் வரவில்லை.

சுவர்தான் என்னைப் பிடித்து நிறுத்தியது. குடாநாடு முழுக்கச் சுண்ணாம்புக்கல் பாறை, தோண்டினால் கல். அப்படிப்பட்ட ஊரில் ஒருவர் செங்கல்லால் வீடு கட்டியிருக்கிறார். செங்கல் சிறியது, மெல்லியது. இடையில் சுண்ணாம்புச் சாந்து விரலளவு தடிப்பு.

ஜூலை 9, புதன்

மேசன் ஐயா வந்தார். தெற்குச் சுவரில் பிறகு பூசிய சீமெந்தை உளியால் ஒரு சாண் அகலத்துக்குத் தட்டி எடுத்தார். அது பலகை மாதிரி மொத்தமாகக் கழன்றது. பின்னால் செங்கல்லின் முகம் சிவப்பு மாவாக உதிர்ந்தது, மேலே வெள்ளையாக உவர் பூத்திருந்தது.

"உள்ள ஈரம் வெளியால போக வழியில்லைப் பிள்ளை. அதுதான் கல்லைத் தின்னுது" என்றார்.

நிலத்து ஈரம் உப்பையும் கொண்டு சுவரில் ஏறும். சுண்ணாம்புப் பூச்சு அதை வெளியே விடும். உப்பு பூச்சில் படியும், பூச்சு உதிரும், திரும்பப் பூசலாம். சீமெந்து அடைத்துவிட்டால் உப்பு செங்கல்லுக்குள்ளேயே படிகமாகி அதை வெடிக்கச் செய்யும். பழுதாக வேண்டியது பூச்சு, கல் அல்ல.

காங்கேசன்துறையில் 1950இல் சீமெந்து ஆலை வந்தபிறகு யாருக்கும் சுண்ணாம்பு நீற்றப் பொறுமை இருக்கவில்லை. இரண்டுக்கும் மூலம் இதே பாறைதான்.

ஜூலை 13, ஞாயிறு

மந்திரிமனைக்குப் போனேன். யாழ்ப்பாண அரசன் சங்கிலியனின் மந்திரி இருந்த மனை என்பார்கள். அந்த அரசு 1619இல் போர்த்துக்கேயர் கைக்குப் போய்விட்டது. இப்போது நிற்கும் கட்டடம் அதற்கு எவ்வளவோ பிந்தியது. அதனால் அதன் பெறுமதி எனக்குக் குறையவில்லை. முகப்பு மரவேலையின் முன் நெடுநேரம் நின்றேன். பூச்சு விழுந்த இடங்களில் செங்கல் தெரிகிறது, கவலையாக இருந்தது.

ஜூலை 19, சனி

சீமெந்தைத் தட்டிவிட்டுச் சுண்ணாம்பு பூசலாம் என்றேன். பெரியம்மாவுக்குச் செலவுதான் யோசனை. "சீமெந்தென்றால் ஒரு கிழமையில முடியும்" என்கிறா. உண்மை. சுண்ணாம்பு காற்றை இழுத்து மெதுவாகத்தான் இறுகும்.

ஆனால் இந்த வீடு அம்மம்மாவுக்குச் சீதனமாக வந்தது, பிறகு பெரியம்மாவுக்கு, நாளைக்குத் தங்கச்சிக்கு. ஒல்லாந்தர் 1707இல் தொகுப்பித்த யாழ்ப்பாணத் தமிழரின் வழமைச் சட்டமான தேசவழமையிலும் சீதனம் பெண்வழிச் சொத்துத்தான். சுவர் பேர்த்தி காலம்வரை நிற்க வேண்டும் என்று சொன்னேன். ரொறன்ரோவிலிருந்து தங்கச்சியும் அதையே சொன்னாள். பெரியம்மா சரி என்றுவிட்டா.

மேசன் ஐயா ஆவணியில் தொடங்குவார். ஐப்பசி மழைக்கு முன்னம் தெற்குச் சுவராவது முடியவேண்டும்.