லயனல் கொனக்கரின் 15 புள்ளிகள்

1921 டிசம்பர் 3ஆம் திகதி ரொறன்ரோவின் வார்சிற்றி மைதானத்தில் நடந்த கனேடிய ஃபுட்போலின் கிரே கிண்ண இறுதியாட்டத்தின் முடிவு: ரொறன்ரோ ஆர்கோனோட்ஸ் 23, எட்மன்டன் 0. அந்த 23 புள்ளிகளில் 15 லயனல் கொனக்கர் என்ற 21 வயது இளைஞருடையது. கனேடிய விளையாட்டு வரலாற்றை எழுதுபவர்கள் எல்லோரும் இந்த எண்ணைச் சொல்கிறார்கள். அது எப்படி 15 ஆனது என்பதை விளக்குபவர்கள் மிகக் குறைவு. அந்தக் கூட்டலைப் பிரித்துப் பார்த்தால்தான் கொனக்கர் எப்படிப்பட்ட ஆட்டக்காரர் என்பது விளங்கும்.

கொழும்பு வாசகருக்கு இதில் ஒரு வசதி இருக்கிறது. லோங்டன் பிளேஸிலும் ஹவ்லொக் பூங்காவிலும் றக்பி பார்த்துப் பழகியவர்கள் நாம். 1921இன் கனேடிய ஃபுட்போலை இன்றைய அமெரிக்க ஃபுட்போலை வைத்து விளங்கிக்கொள்ளப் போனால் குழப்பம்தான் மிஞ்சும். றக்பியிலிருந்து தொடங்குங்கள், பாதி வேலை முடிந்துவிடும். அந்த ஆட்டத்தை அன்று நிர்வகித்த அமைப்பின் பெயரே கனேடிய றக்பி யூனியன். ஆளுநர் நாயகம் கிரே பிரபு 1909இல் வழங்கிய கிண்ணமும் கனடாவின் அமெச்சூர் றக்பி ஃபுட்போல் சம்பியனுக்கென்று வழங்கப்பட்டதுதான்.

மைதானத்தை முதலில் பாருங்கள். அன்று கோல் கோட்டிலிருந்து கோல் கோடு வரை 110 யார். மீற்றரில் 100.6. பிரட்பி கேடய றக்பி ஆட்டம் நடக்கும் மைதானத்தின் நீளமும் ஏறத்தாழ அதுவேதான். அகலம் 65 யார், அதாவது 59 மீற்றருக்குச் சற்று மேல். றக்பி மைதானத்தைவிடப் பத்து மீற்றரளவு ஒடுக்கம். கோல் கோட்டுக்குப் பின்னால் இருந்த பகுதி அன்று 25 யார் ஆழம். இந்த 25 யாரை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், கதை முழுக்க அதைச் சுற்றித்தான் போகிறது.

அணிக்கு 12 பேர். அதுவரை 14 பேராக இருந்ததைக் குறைத்தது அதே 1921இல்தான். இரண்டு பேர் குறைந்ததும் ஓடுவதற்கு இடைவெளி கூடியது. கொனக்கர் போல 6 அடி 2 அங்குல உயரமும் 195 இறாத்தல் எடையும் கொண்ட, வேகமும் உள்ள ஒரு ஹாஃப்பேக்குக்கு, அதாவது பந்தை ஏந்தி ஓடும் பின்வரிசை ஆட்டக்காரருக்கு, அதைவிட நல்ல காலம் அமைந்திருக்க முடியாது.

முன்னோக்கி எறியும் பாஸ் அன்று கிடையாது. அது கனடாவில் பரவலாக அனுமதிக்கப்பட்டது 1931இல். ஆகவே பந்தை முன்னே கொண்டுபோக இரண்டே வழி: கையில் வைத்து ஓடுவது, காலால் உதைப்பது. பக்கவாட்டிலோ பின்னாலோ கைமாற்றலாம், நம் றக்பியைப் போலவே. மூன்று முயற்சிகளுக்குள் 10 யார் முன்னேற வேண்டும், தவறினால் பந்து எதிரணிக்கு. ஒரு முயற்சிக்குச் சராசரியாக மூன்று யாருக்கு மேல் தேவை. முதல் இரண்டில் ஐந்து யார்கூட வராவிட்டால் மூன்றாவதில் ஓடிப்பார்ப்பது சூதாட்டம். அங்கே உதைப்பதுதான் புத்தி. காற்று பின்னால் வீசினால் முதல் முயற்சியிலேயே உதைத்துவிடும் அணிகளும் இருந்தன. சொந்த எல்லைக்குள் பந்தைப் பறிகொடுப்பதைவிட, 40 யார் தூரத்தில் எதிராளியின் கையில் கொடுத்து அங்கேயே மடக்குவது மேல் என்பது அன்றைய கணக்கு.

இப்போது, உதைத்தே எடுக்கும் ஒற்றைப் புள்ளிக்கு வருவோம். ரூஜ் என்று அதற்குப் பெயர். நீங்கள் உதைத்த பந்து எதிரணியின் கோல் கோட்டைத் தாண்டிப் பின்பகுதிக்குள் போகிறது. அங்கே நிற்கும் எதிரணி ஆட்டக்காரர் அதைப் பிடித்து வெளியே கொண்டுவர முடியாமல் மடக்கப்பட்டால் உங்களுக்கு 1 புள்ளி. றக்பியில் இதே நிலையில் தற்காப்பு அணி பந்தைத் தரையில் பதித்துவிட்டு உதைத்து ஆட்டத்தைத் தொடரும், யாருக்கும் புள்ளியில்லை. கனடாவில் அதற்கு விலை உண்டு.

பிடிப்பவரின் நிலைமையை யோசித்துப் பாருங்கள். பந்து உயரத்தில் இருக்கிறது, எதிரணியின் ஓட்டக்காரர்கள் நேரே அவரை நோக்கி வருகிறார்கள். ஆழத்தில் பிடித்தால் கோட்டைத் தாண்ட 20 யாருக்கு மேல் ஓட வேண்டும். திருப்பி உதைக்கலாம், ஆனால் அதற்கு இரண்டு காலடி இடைவெளி வேண்டும். இரண்டுமே முடியாதென்றால் அப்படியே அடங்கி 1 புள்ளியைக் கொடுத்துவிடலாம். பேராசைப்பட்டு ஓடப்போய்ப் பந்தைத் தவறவிட்டு, அதன்மேல் எதிரணியாள் விழுந்தால் அது டச்டவுன் (றக்பியின் ட்றை போன்றது), 5 புள்ளி. கனேடிய டிசம்பர் குளிரில் விறைத்த விரல்களோடு, இன்றையதைவிட உருண்டையான கனத்த தோல் பந்தைப் பிடிப்பது இலேசான காரியமில்லை. அதனால் அனுபவசாலிகள் 1ஐக் கொடுத்துவிட்டு மூச்சு விடுவார்கள். நல்ல உதைகாரர் இருக்கும் அணி எதிரணியின் 35, 40 யார் கோட்டருகே வந்ததுமே புள்ளி எடுக்கும் தூரத்துக்குள் வந்துவிட்டது என்று பொருள்.

இனி 15ஐப் பிரிக்கலாம். கொனக்கர் இரண்டு டச்டவுன் எடுத்தார். அன்றைய கணக்கில் ஒன்றுக்கு 5, ஆக 10. இன்று றக்பியில் ஒரு ட்றைக்குக் கிடைக்கும் அதே 5. கோல் கம்பங்களுக்கு இடையே உதைத்த ஒரு ஃபீல்ட் கோல், 3. இரண்டு ஒற்றைப் புள்ளிகள், 2. ஓட்டம், குறிபார்த்த உதை, தூர உதை என மூன்று வேறு திறமைகளும் ஒரே ஆளின் கணக்கில் ஒரே பிற்பகலில் வந்திருக்கின்றன. எனக்கு அந்த இரண்டு டச்டவுன்களைவிட இந்தப் பரப்புத்தான் பெரிதாகப் படுகிறது. ஓடுவார் என்று தற்காப்பை முன்னே இழுத்தால் தலைக்கு மேலால் உதைப்பார். உதைப்பார் என்று ஆட்களைப் பின்னே நிறுத்தினால் இடைவெளியில் புகுந்து ஓடுவார். முன்னோக்கிய பாஸ் இல்லாத ஆட்டத்தில் எதிரணியை ஊசலாட வைக்க இதைவிட்டால் வேறு வழியே கிடையாது. அவ்வாண்டு ஆர்கோனோட்ஸுக்காக அவர் ஆடிய முதல் ஆட்டத்தில் அணி எடுத்த 27 புள்ளிகளில் 23 அவருடையது என்பதற்கும் காரணம் இதுதான்.

அந்த இறுதியாட்டத்துக்கு வேறு இரண்டு சிறப்புகளும் உண்டு. மேற்குக் கனடாவிலிருந்து ஓர் அணி கிண்ணத்துக்குச் சவால் விட்டு வந்தது அதுவே முதல் தடவை. கிரே கிண்ண இறுதியில் ஓர் அணி புள்ளியே இல்லாமல் தோற்றதும் அன்றுதான் முதன்முதல். மூன்றாவது கால்பகுதி முடிந்ததும் கொனக்கர் மைதானத்தை விட்டுப் போய்விட்டார். காயமில்லை. அன்றிரவு அவருக்கு ஐஸ் ஹொக்கி ஆட்டம் ஒன்று இருந்தது.

1922இல் அவரே அணித்தலைவர். லீக் ஆட்டங்களில் ஆர்கோனோட்ஸ் தோற்கவில்லை. ஆனால் கிழக்குப் பகுதி பிளே-ஓஃப் ஆட்டத்தில் குயின்ஸ் பல்கலைக்கழகத்திடம் 12-11 என்று தோற்று வெளியேறியது. ஒரு புள்ளி வித்தியாசம்! குயின்ஸ் அதன்பின் எட்மன்டனை 13-1 என்று வென்று கிண்ணத்தை எடுத்தது. கொனக்கரின் கிரே கிண்ணக் கணக்கு அந்த ஒன்றோடு நின்றது.

ஏன் நின்றது என்பதற்கு அமெச்சூர் விதியைப் பார்க்க வேண்டும். அன்று எந்த ஒரு விளையாட்டிலாவது சம்பளம் வாங்கினால் எல்லா அமெச்சூர் விளையாட்டுகளின் கதவும் மூடிவிடும். ஹொக்கிக்குச் சம்பளம் வாங்கிவிட்டு ஃபுட்போலை அமெச்சூராக ஆட முடியாது. பத்துப் பிள்ளைகள் இருந்த வறிய குடும்பம், எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடம் விட்டு வேலைக்குப் போன பிள்ளை. அப்படிப்பட்டவருக்கு 1920இல் ரொறன்ரோ சென். பற்ரிக்ஸ் ஹொக்கிக் கழகம் ஒரு பருவத்துக்கு 3,000 டொலர் தருவதாகச் சொன்னது, அடுத்த ஆண்டு மொன்றியல் கனேடியன்ஸ் 5,000. இரண்டையும் வேண்டாமென்றார். ஃபுட்போல், லக்ரோஸ் (வலைக்கோலால் ஆடும் பந்தாட்டம்), பேஸ்போல், குத்துச்சண்டை எல்லாவற்றையும் விட்டுக்கொடுக்க அவருக்கு மனமிருக்கவில்லை. அதைப் பிழைக்கத் தெரியாத முடிவு என்று எழுதியவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்த மறுப்பு இல்லையென்றால் 1921 டிசம்பர் இல்லை.

1923இல் அமெரிக்காவின் பென்சில்வேனியாவுக்குப் போனார், படிப்பையும் தொடர்ந்தார். பிற்ஸ்பர்க் யெலோ ஜக்கெட்ஸ் அணியோடு 1924, 1925 ஆகிய இரண்டு ஆண்டுகளும் அமெரிக்க அமெச்சூர் ஹொக்கிச் சம்பியன். 1925 இறுதியில் அந்த அணி பிற்ஸ்பர்க் பைரட்ஸ் என்ற பெயரில் தேசிய ஹொக்கி லீக்கில் சேர்ந்தபோதுதான் தொழில்முறை ஆட்டக்காரரானார். பைரட்ஸின் முதல் கோலையே அடித்தவர் அவர்.

ஹொக்கியில் அவருக்கு ஒரு பெரிய குறை இருந்தது. பனிச்சறுக்குச் சப்பாத்தை முதன்முதல் மாட்டியது 16 வயதில். கனடாவில் நடக்கப் பழகும் வயதிலேயே சறுக்கப் பழகிய பிள்ளைகளோடு போட்டி போட வேண்டும். விரட்டிப் பிடிக்கும் வேகம் காலில் இல்லை. ஆகவே விரட்டுவதை விட்டு, வில்லை (ஐஸ் ஹொக்கியில் பந்துக்குப் பதிலான தட்டை வட்டு) வரும் பாதையில் முழங்காலை ஊன்றி விழுந்து உடம்பால் மறிக்கப் பழகினார். எல்லாம் நேரக்கணிப்பு. முன்கூட்டியே விழுந்தால் முன்கள வீரர் சுற்றிக்கொண்டு போய்விடுவார். பிந்தினால் வில்லை முகத்துக்கு வரும். தலைக்கவசமே இல்லாத காலம் அது. அவர் மூக்கு பல தடவை உடைந்தது. ஆனால் அந்தப் பாணியோடு 1934இல் சிக்காகோவுடனும் 1935இல் மொன்றியல் மரூன்ஸுடனும், அடுத்தடுத்த ஆண்டுகளில் இரண்டு வேறு அணிகளோடு, ஸ்ரான்லி கிண்ணம் வென்றார். 1937இல் ஓய்வு.

அதன்பின் ஒன்ராறியோ மாகாண சட்டசபை, 1949 முதல் ரொறன்ரோவின் திரினிட்டித் தொகுதிக்குப் பாராளுமன்ற உறுப்பினர். 1950இல் கனேடியன் பிரஸ் நடத்திய வாக்கெடுப்பில் அரைநூற்றாண்டின் சிறந்த ஆண் விளையாட்டு வீரராகத் தெரிவானார். 1954 மே 26ஆம் திகதி ஒட்டாவாவில் உறுப்பினர்களும் செய்தியாளர்களும் ஆடிய சொஃப்ட்போல் ஆட்டத்தில் பந்தை அடித்துவிட்டு மூன்றாம் தளம் (பேஸ்) வரை ஓடி, மாரடைப்பால் விழுந்து இறந்தார். 54 வயது நிறைந்து இரண்டே நாள்.

இவரைப் பற்றித் தமிழில் எழுத நினைப்பவர்கள் சில இடங்களில் கவனமாக இருக்க வேண்டும். டச்டவுனுக்கு 6 புள்ளி என்பது 1956இல் வந்தது. இன்றைய கணக்கைப் போட்டால் 15 என்பது 17 ஆகிவிடும், 23-0 பொருந்தாது. 1926இல் அவர் இருந்த ரொறன்ரோ மேப்பிள் லீஃப்ஸ் பேஸ்போல் அணி. அதே பெயர் கொண்ட ஹொக்கி அணியில் அவர் ஆடியதே இல்லை. அங்கே புகழ்பெற்றவர் தம்பி சார்லி. ஒரே நாளில் இரண்டு விளையாட்டு என்ற கதையிலும் இரண்டு வேறு நாட்கள் கலந்துவிடுகின்றன. ஃபுட்போலும் ஹொக்கியும் 1921 டிசம்பரில். பேஸ்போலும் லக்ரோஸும் 1922 கோடையில்: கடைசி இன்னிங்ஸில் வெற்றி அடி, உடனே டக்சியில் ஸ்காபறோ பீச் மைதானத்துக்கு, அங்கே 3-0 என்று பின்தங்கியிருந்த அணிக்கு நான்கு கோல்.

அந்த ஸ்காபறோ பீச் நம் உறவினர்கள் வசிக்கும் ஸ்காபறோவில் இல்லை. குயின் வீதி கிழக்கில், ஏரியோரத்தில் இருந்த கேளிக்கைப் பூங்கா அது, 1925இல் மூடப்பட்டது. வார்சிற்றி மைதானம் மட்டும் புளோர் வீதியில் அதே இடத்தில், புதிதாகக் கட்டப்பட்டு இன்றும் இருக்கிறது. ரொறன்ரோ போகிறவர்கள் சென். ஜோர்ஜ் சுரங்க ரயில் நிலையத்தில் இறங்கினால் சில நிமிட நடைதான்.