உருளும் படமும் ஒரு கரண்டியும்

பழைய டப்பா டிவியில் படம் திடீரென்று செங்குத்தாக உருள ஆரம்பிக்குமே, நடுவில் ஒரு கறுப்புப் பட்டை வந்து வந்து போகுமே, ஞாபகம் இருக்கிறதா? உடனே எழுந்து போய்த் திருகைத் திருகுவோம், இல்லாவிட்டால் டிவி மண்டையில் ஒரு தட்டு. 1972-இல் ஜோன் ஜோனஸ் என்ற அமெரிக்கக் கலைஞர் அந்தக் கோளாறை வேண்டுமென்றே வரவழைத்து, ஏறத்தாழ 20 நிமிடம் அதற்குள்ளேயே நடித்தார். வீடியோவின் பெயரே ‘வெர்ட்டிகல் ரோல்’.

முதல் தடவை மூன்று நிமிடத்தில் மூடிவிட்டேன், உண்மையைச் சொன்னால் தலைவலி. கறுப்பு வெள்ளைப் படம் உருண்டுகொண்டே இருக்கிறது, கூடவே கரண்டியால் அடிக்கும் சத்தம், டொக், டொக், நிற்கவே நிற்காது. இரண்டாவது தடவை பொறுமையாக உட்கார்ந்தபோதுதான் அந்த இடம் வந்தது. அவர் குதிக்கிறார். கறுப்புப் பட்டை வரும் நேரம் பார்த்துக் குதிப்பதால், கயிறு தாண்டுவது போல அந்தப் பட்டையையே தாண்டுகிற மாதிரி தெரிகிறது. பட்டை என்று அங்கே ஒரு பொருளே கிடையாது! சிக்னல் வரும் வேகமும் டிவி அதை வரையும் வேகமும் ஒத்துப்போகாததால் தெரிகிற, இரண்டு படங்களுக்கு நடுவிலான இடைவெளி, அவ்வளவுதான்.

ஜோனஸ் சிற்பம் படித்தவர். 1969-இல் கண்ணாடிகளை வைத்து ஒரு நிகழ்த்துகலை செய்தார்: ஆளுயரக் கண்ணாடிகளைத் தூக்கிக்கொண்டு ஆட்கள் மெதுவாக நடப்பார்கள், பார்க்க வந்தவர்களுக்குத் தங்கள் முகமே துண்டு துண்டாக அதில் தெரியும். பிம்பம்தான் என்றாலும் கண்ணாடி கனமானது, கை நழுவினால் உடையும், அந்தப் பயம் மட்டும் அசல். அடுத்த வருடம் ஜப்பானில் ஒரு கையடக்க வீடியோ கேமரா வாங்கினார். அதன் பிறகு கண்ணாடி செய்த வேலையை டிவி திரையும் செய்ய ஆரம்பித்தது. முகமூடி, தலை அலங்காரம் எல்லாம் போட்டுக்கொண்டு ‘ஆர்கானிக் ஹனி’ என்று தனக்கே ஒரு மாற்று உருவம் வேறு வைத்திருந்தார்.

சரி, வெர்ட்டிகல் ரோலின் முடிவுக்கு வருகிறேன். நாம் இவ்வளவு நேரம் பார்த்தது ஒரு டிவியை, இன்னொரு கேமரா வழியாக. கடைசியில் அந்த டிவிக்கும் கேமராவுக்கும் நடுவே அவருடைய தலை மெதுவாக வருகிறது, பின்னால் படம் உருள, முகம் மட்டும் உருளாமல் நம்மைப் பார்க்கிறது. அப்பாடா, நிஜ ஆள் வந்தாச்சு என்றுதான் எனக்குத் தோன்றியது. அதுவும் வீடியோதான் என்பது உறைக்கக் கொஞ்ச நேரம் ஆனது.

அப்புறம் குதிக்கும் இடத்துக்கே திரும்பப் போய், நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். நிறுத்தினால் பட்டை ஒரு பக்கம், கால் ஒரு பக்கம், ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லை. ஓடவிட்டால் மறுபடியும் தாண்டுகிறார்.