அந்த மூன்று இறகுகள்

"எங்கே எடுத்தீங்க காகா?" என்று என்னோடு நடந்த பெரியவரிடம் கேட்டேன். கேட்டது இவ்வளவுதான். களப்பணியில் யாராக இருந்தாலும் கேட்டிருக்க வேண்டிய கேள்வி. இரண்டு குளிர்காலம் கழிந்த பிறகும், அதைக் கேட்ட குரல்தான் என்னை விடமாட்டேன் என்கிறது.

ஜெய்சல்மேர் பக்கம் உயரழுத்த மின்தடங்களுக்கு அடியில் நடந்து, அடிபட்டு விழுந்த பறவைகளைக் கணக்கெடுக்கும் ஒப்பந்த வேலை. எங்கள் விதி எளிமையானது. தடத்தின் நடுக்கோட்டிலிருந்து இருபுறமும் 20 மீட்டர். அதற்குள் உடல் கிடந்தால் ஒன்று. உடல் இல்லாமல் இறகுகள் மட்டும் கிடந்தால், பத்தோ அதற்கு மேலோ இருந்தால்தான் ஒன்று. பத்துக்குக் குறைந்தால், பறவை தானாக உதிர்த்ததாகவும் இருக்கலாம், சேர்க்கக் கூடாது. 20 மீட்டருக்கு வெளியே கிடக்கும் உடல் படிவத்தில் 'இதர' என்ற பகுதிக்குப் போகும். கணக்கில் வராது.

அன்றைக்குக் குர்ஜா ஒன்று கிடந்தது. டெமாய்செல் கொக்கைத்தான் அங்கே அப்படிச் சொல்வார்கள். மங்கோலியா, கஜகஸ்தான் பக்கமிருந்து குளிர்காலத்துக்கு வருபவை. கீச்சன் ஊரில் அவற்றுக்கு ஊரே தானியம் போடுகிறது. வெளியூர் போன கணவனுக்குச் சேதி சொல்லச் சொல்லி அந்தப் பக்கத்துப் பெண்கள் குர்ஜாவிடம்தான் பாடுவார்கள். கிடந்த பறவைக்குத் தலை இல்லை. கறுத்த கழுத்தும் ஒரு சிறகும்தான் மிச்சம். அளந்து பார்த்தேன், 26 மீட்டர்.

மணலில் இழுத்துப்போன தடம் இருந்தது. பக்கத்திலேயே நாயின் கால்தடம். கம்பியின் பக்கமிருந்துதான் வந்திருக்கிறது என்று எனக்கும் தெரிந்தது. ஆனால் கொஞ்ச தூரத்தில் சரளைக்கல் தொடங்கியதும் தடம் மறைந்துவிட்டது. எல்லைக்கு உள்ளே, சேவண் புல் தூர்களில் சாம்பல் நிற இறகுகள் சிக்கியிருந்தன. வாய்விட்டு எண்ணினேன். ஏழு.

நான் ஜிபிஎஸ் குறித்துக்கொண்டிருந்தபோது காகா போய்த் தேடினார். அறுபது தாண்டியவர், அந்த மண்ணிலேயே ஆடு மேய்த்தவர். நான்கு மாதமாக என்னோடு நடக்கிறார். திரும்பி வந்து உள்ளங்கையை விரித்தார். நெஞ்சில் தொங்குமே, அந்த நீளமான கறுப்பு இறகுகள், மூன்று.

"இப்போ பத்து ஆச்சு, சாப்."

அப்போதுதான் கேட்டேன். அவர் கையை நீட்டி, "அங்கேதான்" என்றார். அந்தக் கை காட்டிய திசையில் புல்லும் இருந்தது, அதைத் தாண்டிப் பறவையின் உடலும் இருந்தது. "அங்கேன்னா, கோட்டுக்கு உள்ளேயா வெளியேயா?" என்று மறுபடி கேட்டேன். அவர் என் முகத்தைப் பார்த்தார். பதில் சொல்லவில்லை. நான் படிவத்தில் ஏழு என்று எழுதி, குர்ஜாவை 'இதர' பகுதியில் சேர்த்தேன்.

நான் செய்தது விதிப்படி சரி. இதை எனக்கு நானே பல முறை சொல்லிக்கொண்டாகிவிட்டது. கிடந்த இடத்திலேயே பார்க்காத இறகை எப்படிச் சேர்ப்பது? பத்து வேண்டும் என்பது அவருக்குத் தெரியும். ஏழுதான் இருக்கிறது என்பதும் காதில் விழுந்திருக்கும். சரியாக மூன்று கொண்டுவந்தால் யாருக்கும் கேள்வி எழும்தானே?

அப்புறம் இன்னொன்று ஞாபகத்துக்கு வரும். அதற்கு இரண்டு மாதம் முன்பு, வேறொரு தடத்தில் நடந்த சக ஆய்வாளர் போனில் "உள்ளேதான் கிடந்தது, படம் எடுக்க மறந்துட்டேன்" என்றார். முதுகலை படித்தவர். சரி என்று பதிந்துகொண்டேன். எங்கே, எத்தனை மீட்டர் என்று அவரிடம் கேட்கத் தோன்றவே இல்லை.

அன்று மாலை அலுவலகத்துக்குப் போன் செய்தேன். ஒருங்கிணைப்பாளர் முதலில் கேட்டது, "கானமயில் இல்லையே?" இல்லை, குர்ஜா என்றேன். "அப்போ சரி" என்றார். அவரைக் குறை சொல்லி என்ன பயன்? 150க்கும் குறைவாக மிஞ்சியிருக்கும் பறவை அது. 2021இல் உச்ச நீதிமன்றம் கம்பிகளை மண்ணுக்கடியில் கொண்டுபோகச் சொன்னதும், 2024இல் அந்த உத்தரவை மாற்றியதும் கானமயிலை வைத்துத்தான். காலையில் தூரத்தில் சாம்பல் நிறத்தைப் பார்த்தபோது எனக்கும் நெஞ்சு அடித்துக்கொண்டது. கிட்டே போய் குர்ஜா என்று தெரிந்ததும் ஒரு நிம்மதி வந்தது. அந்த நிம்மதியோடுதான் அளவுநாடாவை எடுத்தேன்.

இந்திய வனவிலங்கு நிறுவனம் தார் பாலைவனத்தில் 80 கிலோமீட்டர் மின்தடத்தை ஒரே ஆண்டில் ஏழு முறை நடந்து பார்த்தது. கிடைத்தவை 289 உடல்கள், சுமார் 40 இனங்கள். நாயும் நரியும் தூக்கிப்போனவை, ஆய்வாளர் கண்ணில் படாதவை, நடக்காத தடங்களில் விழுந்தவை எல்லாவற்றுக்கும் ஈடுசெய்து கணக்கிட்டபோது, 4,200 சதுர கிலோமீட்டரில் ஆண்டுக்குச் சுமார் 84,000 பறவைகள் என்று வந்தது. கிடைக்கிற ஒவ்வொரு உடலும் கிடைக்காத பல உடல்களுக்காக நிற்கிறது. அதனால்தான் பொய்யாக ஒன்று ஏறிவிடக் கூடாது என்று பயந்தேன். அதே கணக்கின்படி, உண்மையான ஒன்றை நான் விட்டிருந்தால் அதுவும் ஒன்றோடு நிற்காது. இது அன்று எனக்குத் தோன்றவில்லை. தோன்றியிருந்தாலும் ஏழு என்றுதான் எழுதியிருப்பேன் என்று நினைக்கிறேன்.

குர்ஜாக்கள் இரவு தங்கும் நீர்நிலையிலிருந்து விடிகிற நேரத்தில் கிளம்பும். மங்கல் வெளிச்சத்தில் தடித்த கம்பிகளைக் கண்டு மேலே எழும்பும்போது, எல்லாவற்றுக்கும் மேலே ஓடும் மெல்லிய எர்த் கம்பியில் அடிபடும். இதையெல்லாம் நான்தான் காகாவுக்கு விளக்கினேன். முழுக்கக் கேட்டுவிட்டு, சில குளிர்காலங்களாக இந்த இடத்தில் இப்படி விழுகிறது, எத்தனை என்று யாரும் தன்னைக் கேட்டதில்லை என்றார். நானும் கேட்கவில்லை. அந்தப் பதிலை எழுதப் படிவத்தில் இடம் இல்லை.

இறுதி அறிக்கையில் 'இதர' பகுதி சேர்க்கப்படவில்லை. அந்த மாதத்துக்குக் குர்ஜா: 0. தொகுத்தவர்கள் விதியைத்தான் பின்பற்றினார்கள். ஒரு பின்னிணைப்பாவது போடலாம் என்று மின்னஞ்சல் எழுதினேன். இரண்டு வரிதான். அழுத்திக் கேட்கவில்லை.

அன்றைக்குக் காகா அந்த மூன்று இறகையும் தூக்கி எறியவில்லை. கோட்டுக்கு உள்ளே, ஒரு புல்தூரின் அடியில் வைத்து, காற்று கொண்டுபோகாமல் மேலே ஒரு கல்லை வைத்தார். அவை கிடந்த இடமே அதுதானா, இல்லை என்னிடம் ஏதோ சொல்ல வந்தாரா என்று எனக்குப் புரியவில்லை. அவருடைய மார்வாரி கலந்த இந்தி எனக்கு முக்கால்வாசிதான் பிடிபடும். அதில் "அங்கேதான்" என்பதற்கு நான் கேட்டதைவிட அதிக அர்த்தம் இருந்ததோ என்னவோ.

பதினைந்து நாள் கழித்து அதே தடத்தில் மறுபடி நடந்தோம். கல் இருந்தது. காகா நிற்காமல் முன்னால் போனார். நான் கொஞ்சம் நின்றேன். கல்லைத் தூக்கிப் பார்க்கவில்லை. பிறகு வேகமாக நடந்து அவரோடு சேர்ந்துகொண்டேன்.