கறுப்புப் பட்டையை யார் போட்டது?

பழைய தமிழ்ப் பட டிவிடியை இன்றைய 16:9 (அகலம் 16 பங்கு, உயரம் 9 பங்கு) டிவியில் போட்டால், பல வட்டுகளில் நாலு பக்கமும் கறுப்பு, நடுவில் சின்னதாகப் படம். டிவியில் கோளாறு இல்லை. பழைய 4:3 டிவிக்காகச் செய்த வட்டு அது. மேல், கீழ்ப் பட்டைகளைப் படத்தோடு சேர்த்தே பதிந்துவிட்டார்கள். பக்கப் பட்டைகள் மட்டுமே டிவி போடுபவை.

என்டிஎஸ்சி (அமெரிக்க டிவி முறை) டிவிடியில் படத்துக்கு இருப்பதே 480 கிடைவரிகள். 2.35:1 ஸ்கோப் படத்தை, அதாவது உயரத்தைப்போல 2.35 மடங்கு அகலமான சினிமாஸ்கோப் படத்தை, 4:3 சட்டத்துக்குள் அடக்கினால் படத்துக்குச் சுமார் 272 வரிதான் மிஞ்சும், மற்றதெல்லாம் வெறும் கறுப்பு. அதையே அனமார்ஃபிக்காக, பக்கவாட்டில் நெருக்கிப் பதிந்து டிவியில் விரியும்படி செய்திருந்தால் 363 வரி. அட்டையில் வெறுமனே 'வைட்ஸ்கிரீன்' என்று போட்டிருப்பதை நம்பாதீர்கள். '16:9' அல்லது 'அனமார்ஃபிக்' என்று இருக்கவேண்டும்.

கையில் இருக்கும் வட்டுக்கு ரிமோட்டில் 'ஜூம்' போடுங்கள். 'வைட்' வேண்டாம், நிலா முட்டையாகிவிடும். ஜூமிலும் ஒரு தொல்லை: சப்டைட்டில் கீழ்ப் பட்டைக்குள் இருந்தால் அதுவும் வெட்டுப்படும்.

ஒரே வட்டில் மூன்று படம் என்றால் வாங்காமலே இருக்கலாம். 4.7 ஜிபி வட்டில் இரண்டரை மணி நேரப் படம் மூன்று, ஆக 450 நிமிடம். ஒலியையும் சேர்த்து நொடிக்கு 1.4 மெகாபிட் தகவல்கூடத் தேறாது. கிட்டத்தட்ட டிவிடிக்கு முந்தைய விசிடி வட்டின் கணக்கு! மழையும் கூட்டமும் வந்தால் படம் கட்டம் கட்டமாக உடைவது இதனால்தான்.

இதைவிட மோசம், பட்டையே தெரியாமல் திரையை நிரப்பும் 'ஹெச்டி' பதிப்புகள். ஸ்கோப் படத்தை 16:9க்கு வெட்டினால் அகலத்தில் கால்வாசி போய்விடும். இருவர் எதிரெதிரே நின்று பேசும் காட்சியில் ஒருவரின் மூக்கு மட்டும் தெரியும். தமிழின் முதல் சினிமாஸ்கோப் படமான 'ராஜராஜ சோழன்' வந்ததே 1973இல். ஆகவே 1950களின் கறுப்பு-வெள்ளைப் படம் 16:9 திரையை நிரப்பினால், ஒன்று இழுத்திருக்கிறார்கள், இல்லை வெட்டியிருக்கிறார்கள். 1.37:1 படத்தை அப்படி வெட்டினால் உயரத்தில் 23 சதவீதம் காலி. நாட்டியக் காட்சியில் சலங்கை கட்டிய காலைத் தேடவேண்டியதுதான்.

சந்தேகம் வந்தால் டைட்டில் ஓடும்போது நிறுத்திப் பாருங்கள். பெயர்களின் ஓரத்து எழுத்துகள் அறுபட்டிருந்தால் முதலில் டிவியின் ஓவர்ஸ்கேனை (படத்தின் ஓரங்களை டிவியே கொஞ்சம் வெட்டிக் காட்டுவது) அணைத்துப் பாருங்கள். அப்புறமும் எழுத்து வரவில்லையென்றால் வெட்டு பதிப்பிலேயே இருக்கிறது, எந்த பட்டனாலும் மீட்க முடியாது.